ஆசாரத்துப் போட்டோ

உக்காரு கண்ணு. இந்த மழை இப்பத்திக்கு விடாது. கடலோரத்து மழை வந்தா இப்படித்தான், எங்கூரு மழையாட்டம் எட்டிப் பாத்துட்டுப் போற மழை இல்ல. அந்தக் கயித்துக்கு அந்தப் பக்கம் மட்டும் போயிராதே. கட்டிலு காட்சிக்கு வெச்சது, உக்காந்தா வாச்மேன் விசிலடிப்பான். இந்த ஸ்டூல்ல உக்காரு, நான் கீழ உக்காந்துக்கறேன். என்ர ஊட்டுக் கட்டில்ல உக்கார எனக்கே அனுமதி இல்ல, பாத்துக்க.

ஆமா, இது என்ர ஊடுதான். வாசல்ல பலகையில படிச்சிருப்பியே, "கொங்கு நாட்டுத் தொட்டிக்கட்டு வீடு, நூற்று இருபது ஆண்டுப் பழமை"ன்னு. அதுல இருவத்தாறு வருசம் நான் கூட்டி வழிச்ச ஊடு. பக்கத்துல காரைக்குடி ஊடு, அதுக்கு அக்கட்டால மலையாளத்து மர ஊடு, எல்லாத்தையும் ஊர் ஊராப் போயி பிரிச்சு எடுத்தாந்து இந்தச் சவுக்குத் தோப்புக்குள்ள நட்டு வெச்சு மியூசியம்ங்கறாங்க. மத்த ஊட்டுக்காரங்க ஆரும் கூட வல்ல. நாங்க மட்டுந்தான் ஊட்டுக்குப் பொறத்தாலயே வந்து சேந்தோம். அதுக்குக் காரணம் அந்தச் செவுத்துல இருக்கறா பாரு, அவதான்.

நீயும் வந்ததுலருந்து அதைத்தானே பாக்கறே. அல்லாரும் அப்படித்தான். உத்தரத்தைப் பாருங்க, கதவுல இருக்கற வேலப்பாட்டைப் பாருங்கன்னு எழுதி வெச்சிருக்கறாங்க, ஒருத்தரும் பாக்கறதில்ல. நேரா இந்த முன்கூடத்து ஆசாரத்துக்கு வந்து அந்தப் போட்டோவுக்கு முன்னால நின்னுக்குவாங்க. "இவங்க ஆருங்க, இத்தன லட்சணமா இருக்கறாங்க?" லட்சணந்தான். நான் இல்லைங்கலையே. எனக்கும் கண்ணு இருக்குது.

மயிலாத்தா. பக்கத்துல மீசையோட நிக்கறாரே, அவரு சென்னியப்பன், எங்கூட்டுக்காரரு. அவருக்கு இவ மொத சம்சாரம். ஏழு வருசம் வாழ்ந்துட்டு மஞ்சக்காமாலையில போயிட்டா. புள்ள குட்டி இல்ல.

நான் ரெண்டாவது. துளசிமணி. எனக்கு அப்ப இருவத்தேழு வயசு. செவ்வாய் தோசம்னு சொல்லி, பாக்க வந்தவனெல்லாம் காப்பி குடிச்சுட்டுப் போயிட்டான். கடைசில இந்த மனுசன் வந்தாரு. காப்பி கூட குடிக்கல. "சரிங்க"ன்னாரு. அதான் மொத்தப் பேச்சும். சிவன்மலையில கண்ணாலம், பதினோரு பேரு. ஒரு போட்டோ புடிக்கலாமுங்களான்னு எங்க மாமன்கிட்டக் கேட்டேன். "ரெண்டாந்தாரத்துக்கு என்ன அம்மணி போட்டோ"ன்னாரு. சிரிச்சுட்டேதான் சொன்னாரு. நானுஞ் சிரிச்சேன்.

சிரிச்சுட்டு வந்து இந்த ஊட்டுக்குள்ள வலது கால வெச்சா, எதுத்தாப்புல இவ. மாலையும் கழுத்துமா.

நீ கட்டிக்கலையா இன்னும்? சரி. கட்டிக்கறப்ப எல்லாம் விசாரிச்சுக்க. உசுரோட இருக்கறவளோட சண்டை போடலாம் கண்ணு. செத்தவகிட்ட என்ன பண்ணுவே? அவ குழம்பு கரிச்சுப் போனத ஒருத்தருஞ் சொல்ல மாட்டாங்க. பக்கத்து ஊட்டுக்காரி வருவா, ஒரு வாய் தின்னு பாத்துட்டு, "மயிலா கை பக்குவமே தனி"ம்பா. என்ர சோத்தத் தின்னுட்டு! அந்தத் தூணு பாரு, கன்னங்கரேல்னு எண்ணெய் ஏறியிருக்கே, அதுல சாஞ்சுதான் அவ தலை ஆத்துவாளாம். சீயக்கா போட்டுத் தேச்சுப் பாத்தேன். போகல. சரின்னு நானும் தலைக்குத் தண்ணி வாத்துக்கிட்டு வேணும்னே அதுலயே சாஞ்சு உக்காந்தேன், என்ர எண்ணெய் அவ எண்ணெய மூடட்டும்னு. இருவத்தாறு வருசம் சாஞ்சேன். இன்னிக்கும் அதைப் பாத்தா அவ ஞாபகந்தான் வருது.

அவரு ஒண்ணுஞ் சொல்ல மாட்டாரு. ஒரு சொல்லு இவளைப் பத்திப் பேசுனதில்ல. வருசம் ஒருக்கா அவ போன நாளுக்கு வெளக்கு வெப்பாரு, அவ்வளவுதான். பேசியிருந்தா நான் சண்டைக்குப் போயிருப்பேன். பேசாத மனுசன்கிட்ட எதைப் புடிச்சுச் சண்டை போடறது?

எங்களுக்கு ஒரே பொண்ணு. ஓசூர்ல கட்டிக் குடுத்தாச்சு. அதுக்கப்பறம் பக்கத்துலயே தார்சு போட்டுப் புது ஊடு கட்டுனோம். பழைய ஊடு சும்மா கெடந்துச்சு. ஓட்டுக்குள்ள தேளு, நாலு பக்கமும் ஒழுக்கு. இங்க வந்து ஆகா ஓகோங்கறாங்களே, ஒரு கார்த்தி மாசம் இதுக்குள்ள இருந்து பாக்கச் சொல்லு. அப்பத்தான் மியூசியத்து மேடம் வந்தாங்க. பிரிச்சுக் கொண்டு போயி அப்படியே மறுக்கா நிறுத்தறோம், குடுக்கறீங்களான்னாங்க. இவரு மேல உத்தரத்தைப் பாத்துட்டு நின்னாரு. நான் முந்திக்கிட்டேன். "குடுத்துரலாமுங்க. கெடந்து மக்கறதுக்கு நாலு பேரு பாக்கட்டும்"னேன்.

மேடம் என்னைக் கையெடுத்துக் கும்பிட்டாங்க. "பெரிய மனசும்மா உங்களுக்கு"ன்னாங்க.

பெரிய மனசாம்! ஊடு போனா அவ போவாள்னு குடுத்தேன் கண்ணு. இதை இன்னிக்கு வரைக்கும் ஒருத்தர்கிட்டயும் சொன்னதில்ல.

தூணு, வெட்டுக்கை, கதவு, ஓடு, எல்லாத்துலயும் சுண்ணாம்புல நம்பர் எழுதி ஏழு லாரியில ஏத்துனாங்க. கடைசி லாரி கெளம்பறப்ப இந்தப் போட்டோவ ஒரு பழைய சீலையில சுத்தி, கதவு நெலவுக்கு நடுவுல நானே சொருகி வெச்சேன். பொழுதோட இவரு வந்து, "போட்டோ எங்கே?"ன்னாரு. "ஊட்டோட போயிருச்சுங்க"ன்னேன். அன்னிக்குப் பாதிச் சோறுதான் தின்னாரு. நான் வயிறார உண்டேன்.

மூணு மாசம் நிம்மதியா இருந்தேன். அப்பறம் இங்கிருந்து போன் வந்துச்சு. நம்பரெல்லாம் மழையில அழிஞ்சு போச்சு, எந்தத் தூணு எங்கன்னு தெரியல, ஐயா வந்து சொன்னாத் தேவலைன்னு. பத்து நாள்னு போனாரு. தையில போனவரு, சித்திரை போயிருச்சு, வரவே இல்ல. போன் பண்ணுனா, "மேக்கால தாவாரம் ஏத்தியாச்சு", "ஓடு போட்டாச்சு", இதுதான். கடைசில, "இங்கயே இருந்து வர்றவங்களுக்கு ஊட்டைப் பத்திச் சொல்லச் சொல்றாங்க. நீயும் வந்தா நல்லாருக்கும்"னாரு. சோறாக்க ஆளு வேணுமாட்ட இருக்குதுன்னு வந்தேன்.

வந்து பாத்தா, அதே ஆசாரம், அதே செவுரு, அதே எடத்துல ஆணி. இவ தொங்கறா. என்ர கையால அனுப்பி வெச்சவ, எனக்கு முன்னாடி வந்து குடியேறிட்டா! அவளுக்குக் கீழ ஸ்டூலைப் போட்டு எங்கூட்டுக்காரரு. அதைக் கூடப் பொறுத்துக்குவேன் கண்ணு. அவரு பேசறாரு! எங்கிட்ட ஒரு நாளைக்கு நாலு வார்த்தை. தண்ணி, சோறு, மழை வரும், வெளக்க நிறுத்து. அந்த மனுசன் முன்னப்பின்ன தெரியாத சனங்ககிட்ட ஒரு மணி நேரம் பேசறாரு, கையை ஆட்டி ஆட்டி!

கொல்லைப்பக்கத்துப் பொடக்காலிக் கதவுக்குப் பொறத்தால நின்னு கேட்டேன். "என்ர சம்சாரம் இருக்கறாளே"ன்னு ஆரம்பிச்சாரு. "இந்தத் தொட்டி முத்தத்துல மொத மழை பேயறப்ப, மாவுக் குண்டாவோட வந்து பாசியில வழுக்கி உழுந்துட்டா. அத்தன மாவும் தண்ணியில போவுது. அழுவாள்னு நெனச்சேன். மாவுக்கு நடுவுல உக்காந்துக்கிட்டு அப்படிச் சிரிக்கறா. நானே அன்னிக்குத்தான் சிரிச்சேன்"னாரு. சனங்க அல்லாருஞ் சிரிக்கறாங்க. சிரிச்சுட்டு எங்க பாக்கறாங்க? இவளைப் பாக்கறாங்க!

அடுத்தது வெறி நாய்க் கதை. ஊட்டுக்குள்ள வெறி நாய் பூந்துருச்சு, ஆம்பளைக அல்லாரும் செவுரேறி நிக்கறாங்க, என்ர சம்சாரம் கோழி கவுக்கற பஞ்சாரத்தைத் தூக்கி நாய் மேல கவுத்து, அது மேலயே ஏறி உக்காந்துட்டா, ஆளுக வர்ற வரைக்கும் எறங்கவே இல்லைன்னு. ஒரு பொண்ணு போட்டோவைப் பாத்து, "இந்த மொகத்துக்கா இத்தன தைரியம்!"ங்குது.

அது நான் கண்ணு. மாவுல உழுந்தது நான். பஞ்சாரத்து மேல உக்காந்தது நான். எனக்கு நடந்ததையெல்லாம் எடுத்து அவ தலையில பூவாட்டச் சூட்டி உட்டிருக்கறாரு!

சோறு போடறப்பக் கேட்டேன். "ஏனுங்க, அங்க என்ர சம்சாரம் என்ர சம்சாரம்ங்கறீங்களே, ஆரைச் சொல்றீங்க?"

அவரு நிமுந்து பாத்தாரு. "ஆரைச் சொல்வாங்க?"ன்னாரு. மோரை ஊத்திக்கிட்டாரு.

பாத்தியா? நேராச் சொல்ல மனசு வல்ல. நான் வெச்ச கொழம்ப நான் ஒரு வாரம் தின்னல. ஒரு வருசம் இந்த ஊட்டுப் பக்கமே எட்டிப் பாக்கல.

அப்பறம் இந்தச் சித்திரையில அவருக்குக் கண்ணுல பொரை உரிச்சாங்க, ரெண்டு கண்ணும் ஒண்ணு மாத்தி ஒண்ணு. தூசியில போவக் கூடாது, நாப்பது நாளைக்கு ஊட்டுலயே இருக்கோணும்னுட்டாங்க. மேடம் எங்கிட்ட வந்து, "அதுவரைக்கும் நீங்க உக்காருங்கம்மா"ன்னாங்க. மாட்டேன்னுதான் சொல்ல வாயெடுத்தேன். சரின்னு வந்துருச்சு.

மொத நாளே ஒரு குடும்பம் வந்துச்சு. நேராப் போட்டோவுக்குப் போனாங்க. "இவங்க ஆருங்க?"

"நான்தானுங்க"ன்னேன்.

எப்படி வந்துச்சோ! அவங்க போட்டோவைப் பாக்கறாங்க, என்னைப் பாக்கறாங்க. "அந்த மூக்கு அப்படியே இருக்குது"ன்னு ஒரு ஆளு சொன்னாரு. எனக்கும் அவளுக்கும் மூக்குல என்ன கண்ணு ஒத்துமை? ஆனா அவரு சொன்னதும் எனக்கே அப்படித்தான் தோணுச்சு.

அப்பறம் நிறுத்த முடியல. ஒரு நாளைக்கு ஒண்ணு சேத்துனேன். எங்க கண்ணாலத்துக்குப் பந்தல் மூணு நாள்னேன். மேளம் தாராபுரத்துலருந்து வந்துச்சுன்னேன். போட்டோக்காரரு சிரிங்க சிரிங்கன்னாரு, எனக்கு வெக்கம், சிரிக்க மாட்டேன்னுட்டேன்னேன். பாரு, அவ சிரிக்கலதானே? மாட்டுச் சந்தையில என்னைப் பாத்துட்டு மாட்டை உட்டுட்டு எம் பின்னாலயே வந்தாருன்னு கூடச் சொன்னேன். கேக்கறவங்க மொகமெல்லாம் பூரிச்சுப் போவுது. தப்புன்னு தெரியுது. ஆனா பதினோரு பேரு கண்ணாலத்தை ஆரு கேப்பா?

பன்னண்டாவது நாள், ஒரு வேன் கூட்டம் வந்துச்சு, கோயில் கோயிலாச் சுத்தற கூட்டம். நான் பந்தலுக்கு வந்துட்டேன், மேளத்துக்கு வந்துட்டேன். அப்பப் பின்னால ஒரு பொம்பளை, தூணைப் புடிச்சுட்டு நிக்கறா. எங்கியோ பாத்த மொகம். பாத்துட்டே பேசறேன். வேலாத்தா! மயிலாத்தாளோட தங்கச்சி. வெள்ளகோயில்ல கட்டிக் குடுத்தது. எங்க பொண்ணு கண்ணாலத்துல பாத்தது, அப்பறம் பாக்கல.

ஓடலாம்னா எங்க ஓடறது? அல்லாரும் எம் மொகத்தைப் பாக்கறாங்க. ஒரு கொழந்த, "பாட்டி, போட்டோவுல உங்க சடையில இருக்கறது என்ன பூவு?"ங்குது. எனக்கு என்ன தெரியும்?

வேலாத்தாதான் சொன்னா. "மரிக்கொழுந்தும் கனகாம்பரமும் கண்ணு. அன்னிக்கு நான்தான் கட்டி வெச்சு உட்டேன்."

அவ்வளவுதான். கூட்டம் ஒட்டுக்கா அவளையும் பாத்துச் சிரிச்சுட்டு, அடுத்த ஊட்டுக்குப் போயிருச்சு. அவ மட்டும் போகல.

நான் அவ காலுல உழுந்திருப்பேன். "வேலா, நான் வேணும்னு..."ங்கறேன். அவ காதுலயே போட்டுக்கல. போட்டோவுக்குக் கிட்டப் போயி முந்தானையில கண்ணாடியத் தொடச்சா. அப்பறம் தரையில உக்காந்தா, இதே எடத்துல.

"ஏனுங்க்கா, எங்கூருக்காரங்க இங்க வந்துட்டு வந்து சொன்னாங்க, மாமா சம்சாரத்தைப் பத்திக் கதை கதையாச் சொல்றாருன்னு. அதுக்குத்தான் வந்தேன். கோயிலெல்லாம் சும்மா. அவ இந்த ஊட்டுல இருந்த ஏழு வருசமும் எப்ப எங்கூட்டுக்கு வந்தாலும் ஒரே பேச்சுத்தான். அந்த மனுசன் வாயே தொறக்கறதில்ல, செவுத்துகிட்டப் பேசறேன் வேலாம்பா. செத்து இத்தன வருசத்துக்கு அப்பறமாச்சும் அவரு அவளைப் பத்திப் பேசறாரேன்னு..." நிறுத்துனா. "என்ன கதைன்னு கேட்டேன். வெறி நாயைப் பஞ்சாரத்துல கவுத்த கதையாம். எங்கக்கா நாய்க் குட்டியப் பாத்தாலே நாலு ஊரு ஓடுவாளுங்க்கா. அது அவ இல்ல. அது நீங்கதானே?"

நான் தலையாட்டுனேன்.

"அவளைப் பத்தி ஒண்ணுமே சொல்றதில்லீங்களா?"ன்னா.

கண்ணு, இருவத்தாறு வருசம் நான் எந்த வயித்தெரிச்சல்ல கெடந்தேனோ, அது அப்படியே அவ மொகத்துல இருந்துச்சு. என்னைப் பாத்து. என்னைப் பாத்து ஒருத்தி வயிறெரிவாள்னு நான் கனாக் கூடக் கண்டதில்ல. சந்தோசப்பட்டிருக்கோணும், இல்லியா? படல.

"சொல்வாரு"ன்னேன். "நாய்க்கதை என்ரது. மாவுக்கதை உங்கக்காளுது."

"என்ன மாவுக்கதை?"

சொன்னேன். தொட்டி, மழை, பாசி, குண்டா. மாவுக்கு நடுவுல உக்காந்து சிரிச்சத.

"அக்கா சிரிச்சாளா?"ன்னு கேட்டா கண்ணு. "இந்த ஊட்டுலயா?"

"அப்படிச் சிரிச்சாளாம். மாமாவே அன்னிக்குத்தான் சிரிச்சாராம்."

அவ அழுதா. அழுதுட்டே சிரிச்சா. வேன்காரன் வந்து ஆரன் அடிக்கற வரைக்கும் எந்திரிக்கல. போறப்ப எங் கையப் புடிச்சு, "நீங்க எங்கூட்டுப் பொண்ணுங்க்கா"ன்னுட்டுப் போனா.

அவ போனப்பறம் உக்காந்து யோசிச்சேன், இப்படி முட்டாத்தனம் பண்ணிட்டமேன்னு. இருக்கறதுல நல்ல கதை அது. தூக்கிக் குடுத்துட்டேன்.

அன்னிக்கே எங்கூட்டுக்காரர்கிட்டக் கேட்டேன். கண்ணுல கறுப்புக் கண்ணாடி போட்டுட்டு உக்காந்திருந்தாரு. "வேலா வந்துட்டுப் போனா. நீங்க அவ அக்காளைப் பத்தி எதுவும் சொல்றதில்லையாமே?"ன்னேன். எம் பக்கமாத் திரும்புனாரு. அப்பறம், "என்ன சொல்றது துளசி? ஏழு வருசம் அவளோட நான் பேசவே இல்லியே. எனக்குப் பேச வராது. எனக்குன்னு சொல்ல இருக்கறதெல்லாம் உன்ரதுதான்"னாரு.

எப்படி மழுப்பறாரு பாத்தியா? இல்லாததையா இத்தன வருசம் வெளக்கு வெச்சுக் கும்பிட்டாரு? வெளிய சொல்றதெல்லாம் சும்மா கண்ணு. சொல்லாம உள்ள வெச்சிருக்கறதுதான் பெருசு. நான் மாவும் நாயுமா ஊரு சிரிக்கக் கெடக்கறேன். அவளைப் பொத்தி வெச்சிருக்கறாரு.

இப்பெல்லாம் போட்டோவைக் கேட்டா, எங்கக்காங்கறேன். அதோட உட்டுருவாங்க. பந்தலும் மேளமும் சொல்றதில்ல.

ஆனா அந்த வேலா உடல. எம் நம்பரை மேடத்துகிட்ட வாங்கிட்டா. வெள்ளிக்கெழமைன்னா போன். "இந்த வாரம் மாமா அக்காளைப் பத்தி என்னங்க்கா சொன்னாரு?" இல்லைன்னு எப்படிச் சொல்லுவே? மொத வாரம், மீட்டர் பொட்டிய அந்த வேலப்பாட்டுத் தூணுல அடிக்கக் கூடாதுன்னு கரண்டுக்காரனைத் தொரத்துனதக் குடுத்தேன். அடுத்த வாரம், பட்டணத்து ஆளுக வந்தப்ப சக்கரைன்னு உப்பப் போட்டுக் காப்பி குடுத்தது. எல்லாம் என்ரதுதான், வேற எங்க போவேன்? சின்னச் சின்னதாப் பாத்துப் பாத்துக் குடுக்கறேன். நாயை மட்டும் குடுக்க மாட்டேன். அவளே அது அக்கா இல்லைன்னுட்டா, அந்த மட்டும் தேவலை.

இரு கண்ணு, போன் அடிக்குது பாரு. அவதான். இன்னிக்கு வெள்ளியில்ல. இந்த வாரத்துக்கும் சின்னது ஒண்ணு எடுத்து வெச்சிருக்கறேன். ஒண்ணும் பெருசில்ல, ஒரு வளையல் சமாச்சாரம்.

"சொல்லு வேலா. ஆமா, இங்க நல்ல மழை... கண்ணு தேவலை, இன்னும் பத்து நாள்... ஆ, சொன்னாரே. நேத்துக் கூடச் சொன்னாரு. உங்கக்காளுக்கு வளையல் வாங்கோணும்னு உங்க மாமாவுக்கு நெனப்பு. கேட்டு வாங்கத்தான் வாய் இல்லியே அவருக்கு. மத்தியானம் உங்கக்கா அசந்து தூங்கறப்ப, ஒரு தென்ன ஈக்கை எடுத்து, அவ கையில படாம வளைச்சு அளவெடுத்திருக்கறாரு. அந்த ஈக்கை அப்படியே சட்டைப் பையில வெச்சுக்கிட்டு, எங்க ஒடிஞ்சு போகுமோன்னு பஸ்ஸுல உக்காராமயே திருப்பூரு வரைக்கும் நின்னுட்டே போனாராம்... ஆமா வேலா, நின்னுட்டே... மறுநாள் காத்தால எந்திரிச்சுப் பாத்தா ரெண்டு வளையல் தலைமாட்டுல இருக்குது. அளவு அத்தன கச்சிதம்... ஆமா, அழுவாதே. உங்கக்கா கைக்குத்தான். ஆமா."

என்ன கண்ணு என்ர கையையே பாக்கறே? அங்க பாரு, மழை விட்டுருச்சு. அந்தப் படியில மட்டும் பாத்து எறங்கு, பாசி இருக்குது.